துப்பாக்கிக்குப் பூச்சூட்டும் திருநாள்!

குடகு மலையில், நாற்று நட்டு முடித்ததும் செப்டம்பர் தொடக்கத்தில் வருகிறது 'கைல் பொள்து' ஆயுதத் திருநாள். அன்று கொடவர்கள் வீட்டுத் துப்பாக்கிகளைச் சுத்தம் செய்து பூஜையில் வைக்கிறார்கள். சூட்டும் பூ, தமிழ்நாட்டின் மாநில மலரான செங்காந்தள்!

இது வெறும் சடங்கல்ல. அடைமழையின் ஈரம் இரும்பைத் துருப்பிடிக்க வைத்துவிடும். முதலில், உள்ளே தோட்டா இல்லை என்பதைக் கண்ணாலும் விரலாலும் உறுதி செய்ய வேண்டும். பிறகு, குழலின் பின்பக்கமாகத் தூரிகைக் கம்பியை விட்டுக் கரியை அகற்றி, உலர்ந்த துணியால் துடைத்து, லேசாக எண்ணெய் பூச வேண்டும். எண்ணெய் அதிகமானால் தூசி ஒட்டும். கடைசியாக, குழலை வெளிச்சத்தில் பார்ப்பது அவசியம். உள்ளே துணி சிக்கியிருந்தால், சுடும்போது குழலே வெடிக்கலாம்.

1972-ம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பிறகு வேட்டை கிடையாது. இப்போது குறி, மரத்தில் கட்டிய தேங்காய்தான்!