அந்தமானில் திரும்பத் திரும்ப வரும் கடல்

அந்தமான் நிக்கோபார் தீவுகளில் 2004 டிசம்பர் 26 காலை 6.29 மணிக்கு வந்த நிலநடுக்கமும் அது எழுப்பிய சுனாமியும் புதிதல்ல. 1847, 1881, 1941 என்று அதே தீவு வரிசையின் அடியில் தரை பலமுறை பிளந்திருக்கிறது. அதற்கு முந்தையவை ஏடுகளில் இல்லை; மணலில் இருக்கின்றன. இந்தியத் தட்டு ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர் வீதம் பர்மா தட்டின் அடியில் நுழைகிறது. நுழையும் இடத்தில் இரண்டும் சிக்கிக்கொள்ள, மேல்தட்டின் விளிம்பு மெல்ல வளைகிறது. தாங்க முடியாத ஒரு நாளில் விடுபடுகிறது. பிறகு மறுபடியும் சிக்குகிறது. முடிந்துபோனது என்று எதையும் எழுதி வைக்க முடியாத பூமி இது.

1881-இல் அது ஆண்டின் கடைசி நாளில் வந்தது. கார் நிக்கோபார் அருகே ஏற்பட்ட அந்த நிலநடுக்கத்தின் அலையை வங்கக் கடலைச் சுற்றியிருந்த எட்டு அலைமானிகள் பதிவு செய்தன. உயரம் ஒரு மீட்டரைக்கூடத் தொடவில்லை. பழைய தாள்களை எடுத்துக் கணக்கிட்டு, அதன் அளவு 7.9 என்று ஆய்வாளர்கள் வெளியிட்டது 2003-இல். அடுத்த ஆண்டே பெரியது வந்துவிட்டது.

1941 ஜூன் 26-இன் கதை இன்னும் மோசம். 7.7 அளவிலான அந்த நடுக்கத்தில் போர்ட் பிளேருக்கு எதிரே, பிரிட்டிஷார் தலைமையிடமாக வைத்திருந்த ராஸ் தீவின் கட்டடங்கள் விரிசல் கண்டன. செல்லுலார் சிறையும் சேதமடைந்தது. ஒன்பது மாதங்கள் கழித்து, 1942 மார்ச் 23 அன்று, ஜப்பானியப் படை வந்திறங்கியது. போரின் பேச்சு நிலநடுக்கத்தின் பேச்சை விழுங்கிவிட்டது. இந்தியாவின் கிழக்குக் கரையில் அன்று ஆயிரக்கணக்கானோர் அலைக்குப் பலியானதாக ஒரு தகவல் இன்றும் நூல்களில் சுற்றி வருகிறது. அதற்கு உறுதியான ஆதாரம் கிடையாது. எண்பது ஆண்டுகளுக்கு முன் நடந்ததே இப்படிக் கலங்கிப்போனால், அறுநூறு ஆண்டுகளுக்கு முந்தையதை யார் நினைவில் வைத்திருப்பார்கள்?

2004-இல் பிளவு சுமத்ராவிலிருந்து வடக்கே சுமார் 1,300 கிலோமீட்டர் ஓடியது. தீவுகள் ஒரே மாதிரி அசையவில்லை. வட அந்தமானின் மேற்குக் கரை ஒரு மீட்டருக்கு மேல் எழும்பியது. நீருக்கடியில் இருந்த பவளப்பாறைகள் வெயிலில் வெளுத்துச் செத்தன. தெற்கே நிலம் தாழ்ந்தது. பெரிய நிக்கோபாரின் இந்திரா முனை நான்கு மீட்டருக்கு மேல் இறங்கியதில், கரையில் நின்ற கலங்கரை விளக்கின் அடிப்பாகம் கடலுக்குள் போயிற்று. போர்ட் பிளேரை ஒட்டிய சிப்பிகாட்டில் நெல் விளைந்த வயல்களுக்குள் உப்புநீர் ஏறித் தங்கிவிட்டது. ஓலை உதிர்ந்த மரங்கள் அந்த நீரில் மொட்டைத் தண்டாக நின்றன. வரப்பு எங்கே, வாய்க்கால் எங்கே என்று அடையாளம் தெரியாத அந்த நீர்ப்பரப்பைச் சாலையோரத்திலிருந்தே பார்க்கலாம்.

எழுத்துக்கு முந்தைய அலைகளைக் காட்டிய இடங்களில் ஒன்று தாய்லாந்தின் பிரா தோங் தீவு. மணல்மேடுகளுக்கு இடையே உள்ள பள்ளங்களில் குழி வெட்டினால் கறுத்த சேறு, அதன் நடுவே வெளிறிய கடல்மணல், கீழே மறுபடி சேறு, மறுபடி மணல். மேலே இருப்பது 2004. அதற்கு அடுத்தது ஏறத்தாழ அறுநூறு ஆண்டு பழையது. சுமத்ராவின் அச்சே கரையில் உள்ள ஒரு குகை இன்னும் தெளிவானது. வௌவால் எச்சத்தின் அடுக்குகளுக்கு இடையே சுனாமி கொண்டுவந்த மணல் படிந்து, 7,400 முதல் 2,900 ஆண்டுகளுக்கு முன்பு வரையிலான பதினொரு அலைகளை வரிசையாகக் காத்து வைத்திருக்கிறது. புகாரைக் கடல் கொண்டதாக மணிமேகலை சொல்வதை இந்த வரிசையோடு முடிச்சுப் போடுவோரும் உண்டு. கேட்க நன்றாக இருக்கிறது. காலத்தைச் சொல்லும் மண் சான்று இல்லாமல் ஏற்க இயலாது.

பெரிய ஆற்றல் வெளியேறிவிட்டதால் இனிச் சில நூற்றாண்டுகளுக்குக் கவலையில்லை என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். குகை அந்த நிம்மதியைத் தரவில்லை. அதில் இரண்டாயிரம் ஆண்டு இடைவெளியும் உண்டு, ஒரே நூற்றாண்டுக்குள் நான்கு அலைகள் வந்த காலமும் உண்டு. சிறியவற்றுக்கு அந்த அவகாசமும் தேவைப்படவில்லை: 2005, 2009, 2010 ஆகிய ஆண்டுகளில் 7-க்கு மேற்பட்ட நடுக்கங்கள் இந்தத் தீவு வரிசையை அசைத்தன.

உண்மையான ஆபத்து மறதிதான். சின்ன அந்தமானில் வாழும், சுமார் நூறு பேரே கொண்ட ஓங்கி மக்கள் தரை ஆடியதும், கடல் உள்வாங்கியதும் மேட்டுக்குப் போய்த் தப்பினார்கள். சுமத்ராவுக்கு மேற்கே உள்ள சிமெலுவே தீவில் 1907-இல் வந்த அலையைப் பாட்டிகள் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லி வந்தார்கள். 2004-இல் அங்கே எழுபத்தைந்தாயிரத்துக்கு மேற்பட்ட மக்களில் இறந்தவர்கள் இரண்டு கை விரல்களுக்குள் அடங்குவர். நிக்கோபாரிலோ, கச்சால் தீவின் ரப்பர் தோட்டங்களுக்கு இலங்கையிலிருந்து வந்த தமிழ்க் குடும்பங்களுக்கும், கேம்பல் விரிகுடாவில் 1969-க்குப் பிறகு குடியேறிய முன்னாள் படைவீரர்களுக்கும் அப்படிச் சொல்லித்தர இந்த மண்ணில் பிறந்து வளர்ந்த தாத்தா பாட்டி இல்லை. 2004-இல் அந்தமான் நிக்கோபார் தீவுகளில் மூவாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தும் காணாமலும் போயினர்.

இப்போது பெரிய நிக்கோபாரின் கலத்தியா விரிகுடாவில் பெரும் சரக்குப்பெட்டகத் துறைமுகமும், அதைச் சார்ந்து ஒரு நகரியமும் திட்டமிடப்பட்டுள்ளன. அதிர்வைத் தாங்கும்படி கட்டுவோம் என்கிறது ஆதரவுத் தரப்பு. கட்டடம் தாங்கலாம். நான்கு மீட்டர் தாழ்ந்த கரைக்குப் பக்கத்தில் புதிதாகக் குடியேறப் போகிறவர்களுக்கு அங்கே என்ன நடந்தது என்று யார் சொல்வார்கள் என்பதே கேள்வி.

ஹைதராபாதில் 2007 முதல் சுனாமி முன்னெச்சரிக்கை மையம் இயங்குகிறது. சென்னைக்கும் நாகைக்கும் அது இரண்டு மணி நேரம் வரை வாங்கித் தரும். கார் நிக்கோபாருக்கு அலை வந்துசேரச் சில நிமிடங்களே ஆகும். எனவே தீவில் வசிப்பவரானாலும் சுற்றுலாவுக்குப் போனவரானாலும், கடலோரத்தில் தரை நிற்க முடியாத அளவுக்கு ஆடினால் கைபேசியில் செய்தி வரட்டும் என்று காத்திருக்க வேண்டாம். உடனே மேட்டுக்கு ஏறிவிடுங்கள், முதல் அலை வடிந்ததும் இறங்கி வராதீர்கள்.