ஏலத்தை எதிர்ப்போர் எண்ண வேண்டிய நாட்கள்

காவிரிப் பாசனத்து ஊர்களுக்குக் கடன் புதிதன்று. குறுவைக்கு நாற்று விடும் காலத்தில் குடியானவரும், பட்டு நூல் வாங்கும் காலத்தில் திருபுவனத்து நெசவாளரும் பத்திரத்தில் கையெழுத்திடுகின்றனர். கடன் வாங்குவது குற்றமன்று. ஆனால், அடமானம் வைத்த சொத்து ஏலத்திற்கு வருங்கால் சட்டம் நமக்கு அளிக்கும் பாதுகாப்பு யாது என்பதை அறியாதிருப்பது பெரும் நஷ்டத்தில் முடியும்.

முன்னாளில் பாங்கி கோர்ட்டில் வழக்கிட்டு, டிக்ரி பெற்ற பின்னரே அடமானச் சொத்தை ஏலத்திற்குக் கொண்டுவருவது வழக்கம். 2002-ல் பாராளுமன்றம் இயற்றிய, ‘சர்பாசி’ என வழங்கும் சட்டம் இந்நிலையை மாற்றிற்று. வாராக் கடன் என முடிவு செய்தபின், வழக்கிடாமலே பாங்கி சொத்தைக் கைப்பற்றி விற்கலாம். கூட்டுறவு பாங்கிகளுக்கும் இவ்வதிகாரம் உண்டென 2020 மே 5-ல் சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். ஆகவே, ‘நம்முடைய பாங்கிதானே’ என்று வாளாவிருத்தல் தகாது.

இச்சட்டத்தில் கடனாளியின் உரிமைகள் யாவும் நாட்கணக்கில் அடங்கியுள்ளன. முதலில் 60 நாள் அவகாசம் தந்து பாங்கி நோட்டீஸ் அனுப்பவேண்டும். கணக்கில் பிழையிருப்பின் அக்காலத்திலேயே எழுத்து மூலம் ஆட்சேபிக்கலாம். 15 நாட்களுக்குள் பாங்கி காரணங்காட்டிப் பதிலளித்தாக வேண்டும். அதன்பின் சொத்தைக் கைப்பற்றும் அறிவிப்பு வீட்டுக் கதவில் ஒட்டப்படும். இரண்டு பத்திரிகைகளிலும் வெளிவரும். அந்நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாட்களுக்குள் மதுரையிலுள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம். முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு கோருவதற்குச் சட்டம் இடந்தரவில்லை.

விற்பனைக்கு முன் கடனாளிக்கு 30 நாள் நோட்டீஸ் தருவதும் அவசியம். கேரளத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் இவ்விதி மீறப்பட்டமையால் நடந்து முடிந்த விற்பனையே செல்லாதென 2014-ல் சுப்ரீம் கோர்ட் கூறிற்று. எனவே, தபால் உறையையும் தேதி முத்திரையையும் பத்திரப்படுத்துதல் நலம்.

விவசாய நிலத்தை இச்சட்டத்தின் கீழ் ஏலமிட இயலாது. ஆயினும் பட்டாவில் நஞ்சை என்றிருப்பது மட்டும் போதாது. ரெவினியூ கணக்கில் விவசாய நிலமாக இருந்தும், ஓட்டலுக்குரியதாகிவிட்ட கோவா நிலத்திற்கு இவ்விலக்கு இல்லையென 2018-ல் தீர்ப்பாயிற்று. சாகுபடி நடப்பதைக் கடனாளியே நிரூபிக்க வேண்டுமென 2023-ல் மற்றொரு தீர்ப்பு வந்தது. ஆதலின் குடியானவர் ஆண்டுதோறும் அடங்கல் நகல் பெற்று வைப்பாராக. விலக்கு என்பது கடன் தள்ளுபடியன்று. வேறு வழிகளில் வழக்கிடப் பாங்கிக்குத் தடையில்லை.

நெசவாளர் நிலை இதனினும் கடினமானது. அவருடைய தறிக்குழி வீட்டினுள்ளேயே இருக்கிறது. வீடு போனால் தொழிலும் உடன் போகும். எனினும் நஞ்சைக்குள்ள விலக்கு தறி வீட்டிற்கு இல்லை. ஒரு லட்ச ரூபாய்க்கு மேற்படாத கடனுக்கான ஈடும், பாக்கி அசலிலும் வட்டியிலும் 20 சதவிகிதத்திற்குக் குறைந்த கடனுமே இச்சட்டத்திற்குப் புறம்பானவை.

கடைசி நேரத்தில் பணம் புரட்டி மீட்டுக்கொள்ளலாம் என்போரும் உளர். 2016-ல் வந்த திருத்தப்படி, ஏல அறிவிப்பு வெளியாகும் நாளுக்கு முன்பே முழுப் பாக்கியையும் செலவுடன் செலுத்தியாக வேண்டும். மகாராஷ்டிரத்தில் 105.05 கோடி ரூபாய்க்கு ஏலம் போன சொத்தை, 129 கோடி செலுத்தி மீட்கக் கடனாளி முன்வந்தார்; பம்பாய் ஐகோர்ட்டும் அனுமதித்தது. 2023 செப்டம்பரில் சுப்ரீம் கோர்ட் அதனை ரத்துச் செய்து, ஏலத்தையே நிலைநிறுத்திற்று. அதிகத் தொகையும் தாமதத்தை ஈடு செய்யவில்லை.

நோட்டீஸைக் கண்டு நாணி, அதனைப் பெட்டியில் மறைத்துவைக்கும் வழக்கம் நம்மிடையே உண்டு. அங்ஙனம் மறைத்த நாட்களே பின்னர் வீட்டை விழுங்குகின்றன. நோட்டீஸ் வந்த அன்றே சங்கக் காரியதரிசியிடம் காட்டுங்கள். வாசிக்க இயலாதோர்க்கு வாசித்துச் சொல்வதும், நாட்களை எண்ணி நினைவூட்டுவதும், வக்கீலிடம் உடன் செல்வதும் சங்கத்தின் கடமைகளாம். ஒருவர் துன்பத்தைப் பலர் பகிர்வதன்றோ கூட்டுறவு?