இரவில் வாய் திறக்கும் செடி

திருஷ்டிக்காக வாசலில் தலைகீழாகக் கட்டித் தொங்கவிட்ட கற்றாழையை எல்லோரும் பார்த்திருப்போம். அதற்கு மண்ணும் இல்லை, தண்ணீரும் இல்லை. ஆனாலும் மாதக்கணக்கில் பச்சை மாறாமல் இருக்கிறது. மடல் நுனிகள் மெல்ல வானத்தைப் பார்த்து வளைகின்றன. அதே செடியைத் தொட்டியில் வைத்துத் தினமும் ஆசையாகத் தண்ணீர் ஊற்றுங்கள், ஒரு மழைக்காலத்துக்குள் அடி அழுகிச் சாய்ந்துவிடும். என் மொட்டைமாடியில் முதல் இரண்டு செடிகளும் அப்படித்தான் போயின. பட்டினி போட்டால் பிழைக்கிறது, ஊட்டினால் சாகிறது. ஏன் என்று தெரிந்துகொண்ட பிறகு மூன்றாவது செடி பிழைத்தது.

சோற்றுக்கற்றாழையின் பூர்வீகம் அரேபியத் தீபகற்பத்தின் வறண்ட மலைகள். மழை அபூர்வமான அந்த ஊரில், செடிக்கு உணவைவிடத் தண்ணீர்தான் பெரிய கவலை. எல்லாச் செடிகளும் இலையில் உள்ள நுண்துளைகளைத் திறந்துதான் கரியமில வாயுவை உள்ளே இழுக்கின்றன. திறந்த துளை வழியாக ஈரமும் ஆவியாகிப் போகும். வேம்பும் தென்னையும் பகலில் திறக்கின்றன. கற்றாழையோ வெயில் இறங்கி, காற்று குளிர்ந்த பிறகுதான் திறக்கிறது. இரவில் இழுத்த வாயுவை மாலிக் அமிலமாக மாற்றிச் சேர்த்துக்கொள்ளும். விடிந்ததும் துளைகளை மூடிவிட்டு, உள்ளே இருக்கும் அமிலத்திலிருந்து வாயுவைப் பிரித்தெடுத்து, சூரிய ஒளியில் சமையலை முடிக்கும்.

இந்த இரவு வேலையின் சுவடு பற்றிய முதல் பதிவுகளில் ஒன்று நம் பக்கத்துக் கதை என்பதில் எனக்குத் தனிச் சந்தோஷம். சென்னை மாகாணத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் தாவரவியலாளராக இருந்த பெஞ்சமின் ஹெய்ன், ஒரு செடியின் இலையை வெவ்வேறு நேரங்களில் மென்று பார்த்தார். காலையில் நல்ல புளிப்பு, நண்பகலில் சுவையே இல்லை, மாலையில் லேசான கசப்பு. 1815இல் அச்சான அவருடைய கடிதத்தில் இது இருக்கிறது. அந்தச் செடி கற்றாழை அல்ல. நாம் ரணகள்ளி என்று சொல்லும், இலை விளிம்பிலேயே குட்டி போடும் செடி. இரண்டுக்கும் இரவுப் பழக்கம் ஒன்றுதான்.

படுக்கையறையில் கற்றாழை வைத்தால் இரவெல்லாம் ஆக்சிஜன் தரும் என்று பலரும் சொல்கிறார்கள். அது சரியல்ல. இரவில் அது வாயுவை உள்ளே வாங்குவது உண்மை. ஆனால் ஆக்சிஜன் உண்டாக வெளிச்சம் வேண்டும். செடியை அறைக்குள் அடைக்காமல் காலை வெயில் படும் திண்ணையிலோ ஜன்னலோரத்திலோ வையுங்கள். நிழலில் வளர்ந்ததைத் திடீரென்று சித்திரை வெயிலில் வைத்தால் மடல் செம்பழுப்பாகும். பயப்பட வேண்டாம், அரைநிழலுக்கு மாற்றினால் பெரும்பாலும் பச்சை திரும்பும்.

இனி தண்ணீர். மடலுக்குள் இருக்கும் சோற்றில் நூற்றுக்கு 98 பங்குக்கு மேல் தண்ணீர்தான். வெளியே போகும் வழியையும் பகலில் அடைத்தாயிற்று. நாம் ஊற்றும் தண்ணீர் மண்ணிலேயே தேங்குகிறது. வேருக்கும் காற்று வேண்டும். மண்துகள்களுக்கு இடையே இருக்கும் காற்றைத் தண்ணீர் விரட்டிவிட்டால் வேர் திணறி இறக்கும், பூஞ்சை புகுந்துவிடும். ஆகவே விரலை இரண்டு அங்குலம் மண்ணுக்குள் விட்டுப் பாருங்கள். ஈரம் தட்டினால் அன்றைக்குத் தண்ணீர் வேண்டாம். கோடையில் வாரம் ஒருமுறை போதும். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் தொட்டியைக் கூரைக்கடியில் இழுத்துவிடுங்கள். வேர் ஆழமாகப் போகாமல் பக்கவாட்டில் பரவும், அதனால் வாய் அகன்ற மண்தொட்டி நல்லது. அடியில் ஓட்டை கட்டாயம். செம்மண், மணல், கொஞ்சம் மக்கிய தொழு உரம். மணல் கிடைக்காவிட்டால் செங்கலை உடைத்துப் போடலாம்.

ரணகள்ளி போல வெட்டிய மடலிலிருந்து புதுச்செடி வரும் என்று காத்திருக்காதீர்கள், அது அழுகிவிடும். தாய்ச்செடியின் அடியில் முளைக்கும் பக்கக்கன்றுகளை, ஒரு சாண் வளர்ந்ததும் வேரோடு பிரித்து, வெட்டுவாய் உலர இரண்டு மூன்று நாள் நிழலில் போட்டுவைத்து நடுங்கள். வளர்ந்த செடி நீளத் தண்டு விட்டு மஞ்சள் குழல் பூக்கள் பூக்கும். தேன்சிட்டு வந்தால் கேட்கவே வேண்டாம், அன்று முழுக்க மாடியை விட்டு இறங்க மனம் வராது.

மடல் பறிக்கும்போது அடிவரிசையில் முதிர்ந்ததை எடுங்கள். தோலுக்கும் சோற்றுக்கும் இடையே கசியும் மஞ்சள் பாலில் அலோயின் இருக்கிறது. பேதியைக் கிளப்பும் பொருள் அது. சோற்றை ஏழு முறை அலசச் சொன்ன பாட்டிகள் அந்தப் பாலைத்தான் கழுவினார்கள். வெட்டிய மடலைக் கொஞ்ச நேரம் நிறுத்திவைத்து வடியவிட்டு, பிறகு அலசுங்கள். அமெரிக்காவில் கடையில் சீட்டில்லாமல் விற்கும் பேதி மருந்துகளில் கற்றாழையைச் சேர்க்க 2002இல் தடை விதித்தார்கள். கர்ப்பிணிகள் உள்ளுக்குச் சாப்பிடக் கூடாது. நாய், பூனை கடிக்காத இடத்தில் தொட்டியை வையுங்கள்.

உங்கள் வாசலில் தொங்கும் செடியின் மடல்கள் மெலிந்து சுருங்கியிருந்தால், இன்றைக்கே இறக்குங்கள். காய்ந்த வேரை நறுக்கிவிட்டு உலர்ந்த மணல்மண்ணில் நேராக நட்டு, ஒரு வாரம் கழித்து முதல் தண்ணீரை ஊற்றுங்கள்.