திரைக்குள் ஊர் கட்டிய பெண்

திரைப்படத்தில் ஓர் அரண்மனையைப் பார்க்கிறோம். அதில் நடிப்பவர்களின் பெயர்கள் நமக்குத் தெரியும். அந்த அரண்மனையை வரைந்து, அளந்து, கட்டுவித்தவர் யார் என்று நாம் கேட்பதில்லை. அந்தப் பணியைச் செய்பவரைக் கலை இயக்குநர் என்பர். பிரித்தானியத் திரைத்துறையில் நீண்ட காலம் இப்பணியில் தனியொரு பெண்ணாக நின்றவர் கார்மன் டிலன்.

1908 இல் லண்டனை அண்டிய ஹென்டனில் பிறந்த அவர், கட்டடக்கலை பயின்றவர். 1930களில் வெம்பிளி படப்பிடிப்புக் கலையகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். அக்காலத்தில் அது முழுக்க ஆண்களின் தொழில். தச்சர், மேசன், வர்ணம் பூசுபவர் என எல்லோரும் ஆண்களே. அவர்களுக்கு ஒரு பெண் வேலை சொல்வதா என்ற எண்ணம் எங்கும் இருந்தது. ஆனால் அவரது கையில் அளவு பிசகாத வரைபடம் இருந்தது.

கலை இயக்குநர் முதலில் கதையை வாசித்து, எந்தெந்த இடங்கள் தேவை எனக் குறித்துக்கொள்வார். பின்னர் ஒவ்வொன்றையும் வரைவார். கமெரா எங்கே நிற்கும், எந்தச் சுவர் கண்ணில் படும், செலவு எவ்வளவு என்பதையும் கணக்கிட வேண்டும். ஓவியம் வரையத் தெரிந்தால் மட்டும் போதாது.

இரண்டாம் உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த 1943 இல், லோரன்ஸ் ஒலிவியர் 'ஐந்தாம் ஹென்றி' படத்தைத் தொடங்கினார். போல் ஷெரிப்புடன் கார்மன் அதில் பணியாற்றினார். நாட்டில் எல்லாவற்றுக்கும் தட்டுப்பாடு. வீரர்களின் இரும்புச் சங்கிலிக் கவசங்களை நூலால் பின்னி, உலோக நிறம் பூசினார்கள். ஊர்களையும் கோட்டைகளையும் பழங்காலச் சித்திரச் சுவடிகளின் பாணியில் தீட்டினார்கள். போர்க்களக் காட்சிகளை, யுத்தத்தில் சேராத அயர்லாந்துக்குச் சென்று எடுத்தார்கள். 1944 இல் படம் வெளிவந்தது. ஷெரிப்பும் கார்மனும் ஒஸ்கார் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டனர்.

1948 இல் வந்த 'ஹம்லட்' கறுப்பு வெள்ளைப் படம். நீண்ட நடைகூடங்கள், படிக்கட்டுகள், தளபாடங்கள் குறைந்த மண்டபங்கள். அந்த வெறுமையே இளவரசனின் தனிமையைச் சொன்னது. இதற்காக ரோஜர் பேர்ஸும் கார்மனும் ஒஸ்கார் விருதைப் பகிர்ந்துகொண்டனர்.

விருதோடு அவர் ஓய்ந்துவிடவில்லை. 1955 இல் 'மூன்றாம் ரிச்சர்ட்', 1971 இல் 'த கோ-பிட்வீன்', 1977 இல் 'ஜூலியா' என அவரது பணி தொடர்ந்தது. 2000 ஆம் ஆண்டில், 91 ஆவது வயதில் காலமானார்.

சகோதரிகளே, வரைபடம் வாசிப்பது ஆண்களுக்கு மட்டும் உரிய வித்தையல்ல. உங்கள் வீட்டுக்கு அத்திவாரம் வெட்டும் நாளில், வரைபடத்தை விரித்துக் காட்டும்படி மேசனிடம் கேளுங்கள். எது கதவு, எது யன்னல், குசினி எத்தனை அடி என்று நீங்களே அளந்து பாருங்கள்.