ஸ்காட்லாந்து ஓட்கேக்: தோசைக்கல்லிலேயே சுடலாம்

இன்னைக்கு நாம சுடப்போறது ஸ்காட்லாந்து ஓட்கேக். சர்க்கரை, முட்டை, மைதா எதுவுமே இல்லாத, உப்பு போட்ட மெல்லிசான ஓட்ஸ் ரொட்டி.

ஸ்காட்லாந்து மேட்டுப் பகுதியில குளிரும் மழையும் அதிகம், கோடை ரொம்பக் குறைவு. அங்க கோதுமை சரியா வராது, ஓட்ஸ் நல்லா விளையும். அதனால ஏழை வீட்டு அடுப்புல தினமும் வெந்தது இந்த ரொட்டிதான். 14-ஆம் நூற்றாண்டுல ஃப்ருவாசார்ங்கிற வரலாற்றாசிரியர், ஸ்காட்லாந்து வீரர்கள் குதிரையில ஒரு இரும்புத் தகடும் ஒரு பை ஓட்ஸ் மாவும் கட்டிட்டுப் போனதை எழுதியிருக்கார். போற இடத்துல தீ மூட்டி, தகட்டைக் காயவச்சு சுட்டுக்குவாங்களாம். அந்த ஊர்ல அதுக்கு கர்டில்னு பேரு. நம்ம இரும்பு தோசைக்கல்லே அதுக்குப் போதும்.

200 கிராம் ஓட்ஸ் எடுத்துக்கோங்க. மசாலா பாக்கெட் வேண்டாம், வெறும் ஓட்ஸ். மிக்ஸியில ரவை பதத்துக்கு அரைங்க. நைஸா அரைச்சா மொறுமொறுப்பே வராது. அரை டீஸ்பூன் உப்பு, கால் டீஸ்பூன் சமையல் சோடா, உருக்கின வெண்ணெய் ஒரு டேபிள்ஸ்பூன் சேருங்க. அங்க முன்னாடி பன்றிக் கொழுப்புதான் ஊத்துவாங்க.

இப்போ தண்ணி. கொதிக்கக் கொதிக்க இருக்கணும், இதை மட்டும் விட்டுக்கொடுக்காதீங்க. கோதுமை மாவுல இருக்கிற இழுவை ஓட்ஸ்ல இல்ல. சூட்டுல மாவுச்சத்து குழைஞ்சாதான் பிடிச்சு நிக்கும். கொஞ்சம் கொஞ்சமா ஊத்தி, கரண்டியால கிளறி, கை பொறுக்கிற சூட்டுக்கு வந்ததும் உருட்டுங்க. தாமதிச்சா மாவு காய்ஞ்சு ஓரமெல்லாம் வெடிக்கும். ஓட்ஸ் பொடி தூவி, அஞ்சு மில்லிமீட்டருக்கு மேல போகாம தேய்ச்சு, வட்டத்தை நாலா வெட்டுங்க.

கல்லுல எண்ணெய் வேண்டாம். சிறுதீ. ஓரம் லேசா மேல சுருள ஆரம்பிச்சா அடிப்பக்கம் ஆச்சுன்னு அர்த்தம். அந்தக் காலத்துல அப்புறம் எடுத்து நெருப்புக்கு எதிர்ல நிறுத்தி காயவைப்பாங்க. நாம திருப்பிப் போட்டு, இன்னும் தணலைக் குறைச்சுப் பொறுமையா விடலாம். சிவக்கணும்னு தீயைக் கூட்டாதீங்க. உள்ள இருக்கிற ஈரம் போகணும், அவ்வளவுதான்.

கல்லுல இருந்து எடுக்கும்போது கொஞ்சம் மெத்துன்னு இருக்கும், ஆறினதும் மொறுமொறுப்பாயிடும். முழுசா ஆறினப்புறம் காத்துப் புகாத டப்பாவுல போடுங்க. முதல் தடவை தேன், ஜாம்னு எதையும் தொடாம, வெண்ணெயோ சீஸோ தடவிச் சாப்பிட்டுப் பாருங்க. ஓட்ஸோட சொந்த ருசி அப்போதான் தெரியும்.