அடுப்பில்லாத சமையலில் குளிர்தான் நெருப்பு

வெள்ளைத் தட்டில் மெல்லிதாக அரிந்த பச்சை மீன். மேலே எலுமிச்சைச் சாறு, சோயா சாஸ், ஆலிவ் எண்ணெய். ஜப்பானியச் சஷிமியும் பிரெஞ்சு வினிகிரெட்டும் சேர்ந்த முன்னுணவு இது. 1960-இல் ஒசாகாவில் சுஜி ஷிசுவோ தொடங்கிய சமையல் பள்ளிக்கு பால் பொக்யூஸ் போன்ற பிரெஞ்சு சமையற்கலைஞர்கள் வந்து பாடம் நடத்தினார்கள். ஜப்பானியர் மீனை அரியும் நேர்த்தியும், தட்டில் இடம்விட்டு அடுக்கும் அழகும் பிரான்சுக்குப் போய்ச் சேர்ந்த வழிகளில் அதுவும் ஒன்று.

வயிற்றை நிரப்பாத, எண்ணெயில் பொரிக்காத உணவு. 100 கிராம் சூரை மீனில் சுமார் 24 கிராம் புரதம். கொழுப்பு மிகக் குறைவு. எனக்குப் பிடித்த உணவும்கூட. அதனால்தான் இதை எச்சரிக்கையோடு செய்யச் சொல்கிறேன்.

எலுமிச்சை வேகவைக்காது

புளிப்பு பட்டதும் மீன் வெளுத்து, வெந்ததுபோல் தெரியும். புரதம் திரிந்த தோற்றம் அது, அவ்வளவுதான். மீனின் தசையில் நூல்போல் சுருண்டிருக்கும் அனிசாகிஸ் புழுவை எலுமிச்சையும் கொல்லாது, வினிகரும் கொல்லாது, வசாபியும் கொல்லாது. உப்பும் வினிகரும் இட்டு ஊறவைக்கும் 'ஷிமே சபா' என்ற கானாங்கெளுத்தி உணவால் ஜப்பானில் இன்றும் பலர் மருத்துவமனைக்குப் போகிறார்கள். சாப்பிட்ட சில மணி நேரத்தில் வயிறு சுருட்டிப் பிடிக்கும். மருத்துவர் எண்டோஸ்கோப்பை உள்ளே செலுத்திப் புழுவைப் பிடித்து எடுப்பார்.

குளிரின் கணக்கு

1960-இல் நெதர்லாந்து மருத்துவர்கள், லேசாக உப்பிட்ட ஹெர்ரிங் மீன் தின்றவர்களின் குடலில் இந்தப் புழுவைக் கண்டு எழுதினார்கள். 1968-இல், அந்த மீனை உறையவைத்த பிறகே விற்க வேண்டும் என்று அங்கே சட்டம் வந்தது. நோயும் ஏறக்குறைய மறைந்தது. அடுப்பு செய்யும் வேலையைக் குளிர் செய்தது.

அமெரிக்க விதி, மைனஸ் 20 டிகிரி செல்சியஸில் 7 நாள், அல்லது மைனஸ் 35 டிகிரியில் உறையவைத்து 15 மணி நேரம் என்கிறது. வீட்டு ஃப்ரீசர் பெரும்பாலும் மைனஸ் 18-ஐத் தாண்டாது. அடிக்கடி திறந்து மூடுகிறோம் வேறு. அதை நம்ப வேண்டாம். பச்சையாக உண்பதற்கென்றே உறையவைத்து விற்கும் மீனை வாங்குங்கள். சந்தையில் வெயில் பட்ட மீன் குழம்புக்குக்கூட யோசிக்க வேண்டியது. சூரை, கானாங்கெளுத்தி போன்றவற்றில் சூடு ஏறினால் ஹிஸ்டமின் உருவாகும். அது வேகவைத்தாலும் உறையவைத்தாலும் போகாது. முகம் சிவந்து, அரித்து, தலை வலிக்கும்.

ஆற்று மீன், குளத்து மீன் இதற்கு வேண்டவே வேண்டாம். வடகிழக்குத் தாய்லாந்தில் பச்சை நன்னீர் மீன் வழியே ஈரலுக்குள் போகும் தட்டைப்புழு பித்தநாளப் புற்றுநோயை உண்டாக்குகிறது.

செய்யும் விதம்

நான்கு பேருக்கு, உறையவைத்து விற்ற சூரை அல்லது சால்மன் 200 கிராம். காற்று நீக்கிய உறையில் வந்திருந்தால் உறையைப் பிரித்துவிட்டு, மூடிய பாத்திரத்தில் குளிர்சாதனப் பெட்டிக்குள் இரவு முழுக்க வையுங்கள். வெளியே வைத்து உருக்க வேண்டாம். தட்டுகளையும் குளிர வையுங்கள். முழுதும் இளகுவதற்கு முன்பே, தசைநாருக்குக் குறுக்காக 3 மில்லிமீட்டர் கனத்தில், கத்தியை உங்களை நோக்கி ஒரே இழுப்பாக இழுத்து அரியுங்கள். ரம்பம்போல் அறுத்தால் விளிம்பு பிய்ந்துவிடும்.

ஒரு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறு, ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸ், இரண்டு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெய், பொடியாக நறுக்கிய சின்ன வெங்காயம் இரண்டு. நன்றாக அடித்து, பரிமாறும் நொடியில் மட்டும் ஊற்றுங்கள். மேலே முள்ளங்கிச் சீவல். மிஞ்சியதை மறுநாளைக்கு எடுத்து வைக்காதீர்கள்.

யாருக்குக் கூடாது

கர்ப்பிணிகள், சிறு குழந்தைகள், முதியவர்கள், நோய் எதிர்ப்பாற்றல் குறைந்தவர்கள், ஈரல் நோயுள்ளவர்கள் பச்சை மீனைத் தொடக் கூடாது. உறையவைப்பது புழுவைக் கொல்லும். லிஸ்டீரியா, விப்ரியோ போன்ற பாக்டீரியாக்களைக் கொன்றுவிடும் என்று நம்ப முடியாது. ஈரல் கெட்டவர்களுக்கு விப்ரியோ தொற்று உயிரையே பறிக்கலாம். உயர் இரத்த அழுத்தம் உள்ளவர்கள் சோயா சாஸைப் பாதியாக்குங்கள். ஒரு மேசைக்கரண்டியிலேயே சுமார் 900 மில்லிகிராம் சோடியம் இருக்கிறது.

பச்சை மீன் கூடாதவர்களுக்கும் பந்தியில் இடம் உண்டு. அதே சாற்றை, ஆவியில் நன்றாக வெந்த மீன்மேல் ஊற்றிக் கொடுங்கள்.