பதிப்புரிமைக் குறிப்பு எதற்காக?

கவிதை, சிறுகதை, ஓவியம், புகைப்படம் என நம் மாணவிகளின் கைகளிலிருந்து ஆண்டுதோறும் எத்தனையோ ஆக்கங்கள் பிறக்கின்றன. அவற்றுட் பல வட்ஸ்அப் குழுக்களில் பகிரப்படுகின்றன. மூன்றாவது கைக்குப் போவதற்குள் எழுதியவரின் பெயர் உதிர்ந்துவிடுகிறது. ‘யாரோ எழுதியது’ என்று அவை ஊரெங்கும் உலவுகின்றன. பதிப்புரிமைக் குறிப்பு இட்டிருந்தால்தான் சட்டம் நம்மைக் காக்குமா என்று மாணவிகளும் பெற்றோரும் கேட்பதுண்டு.

இல்லை என்பதே பதில். நமது நாட்டில் இன்று நடைமுறையில் இருப்பது 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம். ஓர் ஆக்கம் உருவான அந்தக் கணமே, உருவானது என்ற ஒரே காரணத்தால், அதற்குப் பாதுகாப்புக் கிடைக்கிறது என்கிறது இச்சட்டம். ஆக்கத்தின் தரம் பார்க்கப்படுவதில்லை. பன்னிரண்டு வயது மாணவியின் கவிதைக்கும் பெருங்கவிஞரின் கவிதைக்கும் ஒரே உரிமைதான். பதிவு செய்யவும் வேண்டியதில்லை. அந்த உரிமை ஆக்கியவரின் ஆயுட்காலமும் அதற்குப் பின் 70 ஆண்டுகளும் நீடிக்கிறது. ஒன்றை மட்டும் நினைவிற் கொள்ள வேண்டும்: கருத்துக்கு உரிமை இல்லை, அதைச் சொன்ன விதத்துக்கே உரிமை. தாயன்பைப் பற்றி யாரும் எழுதலாம். உங்கள் வரிகளைத்தான் பிறர் எடுத்தாள முடியாது. அதுபோலவே, ஓர் இறைவசனம் எவருக்கும் தனியுடைமையன்று. அதை எழுத்தணியாக வரைந்த ஓவியமோ வரைந்தவருக்குரியது.

எல்லா நாடுகளிலும் எக்காலத்தும் இப்படி இருக்கவில்லை. அமெரிக்காவில் 1989 மார்ச் வரை, வெளியிடும் பிரதிகளில் குறிப்பு இல்லையென்றால் உரிமையையே இழக்க நேரிட்டது. 1968இல் வெளிவந்த ‘நைட் ஒப் த லிவிங் டெட்’ என்ற திரைப்படத்தின் பெயரைக் கடைசி நேரத்தில் மாற்றியபோது, பெயர்ப் பலகையோடு இருந்த குறிப்பும் விடுபட்டுப் போயிற்று. படம் அன்றே பொதுச் சொத்தாகிவிட்டது. நம் நாட்டில் அத்தகைய அச்சம் தேவையில்லை.

அப்படியானால் குறிப்பு வீண்தானா? அன்று. அது உரிமையைத் தருவதில்லை. உரியவர் யார் என்பதைச் சொல்கிறது. ஆக்கத்தின் மீது வழக்கமான முறையில் எவரது பெயர் இடப்பட்டுள்ளதோ, மாறாக நிரூபிக்கப்படும்வரை அவரையே ஆக்கியவராகக் கருத வேண்டும் என்பது நமது சட்டத்தின் ஏற்பாடு. பெயரில்லாத கவிதைக்குச் சொந்தம் கோருபவர்தான் சான்று தேடி அலைய வேண்டும்.

சொந்தப் பெயரில் எழுதத் தயங்கும் மாணவிகள் நம்மிடையே பலர். அவர்கள் அஞ்ச வேண்டாம். தம் பெயரை இடச் சொல்வது எப்படி ஓர் உரிமையோ, அப்படியே புனைபெயரில் எழுதுவதும் சட்டம் ஏற்ற உரிமை. எந்தப் புனைபெயர் யாருடையது என்பதைப் பெற்றோரோ ஆசிரியையோ அறிந்திருந்தால் போதும்.

குறிப்பின் பெரும்பயன் நம் காலத்துக்குப் பின்னரே தெரியவரும். 1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிக்கப்பட்டபோது அழிந்தவை எத்தனையோ நூல்கள். எஞ்சிய தமிழ் நூல்களை 2005 முதல் மின்வடிவாக்கிவரும் ‘நூலகம்’ போன்ற முயற்சிகளுக்கு, எழுத்தாளரின் அல்லது வாரிசுகளின் அனுமதி வேண்டும். பழைய நூலைத் திறந்தால் ‘உரிமை ஆசிரியருக்கே’ என்று மட்டும் இருக்கும். அந்த ஆசிரியர் எங்கே? 1983 கலவரம், 1990இல் வடபுல முஸ்லிம்களின் வெளியேற்றம், போர்க்காலப் புலம்பெயர்வு என்று குடும்பங்கள் சிதறிவிட்டன. நூலில் முகவரி இருந்தாலும் அந்த வீட்டில் அவர்கள் இல்லை. கேட்க ஆளில்லாததால், பாதுகாக்கப்பட வேண்டிய நூலே முடங்கிக் கிடக்கிறது.

ஆகவே குறிப்பை முழுமையாக எழுதுங்கள். ‘பதிப்புரிமை’ என்ற சொல், அல்லது வட்டத்துக்குள் ஆங்கில ‘சி’ எழுத்து இட்ட அடையாளம், முதலில் வெளியான ஆண்டு, உரிமையாளரின் பெயர். இம்மூன்றும் அடிப்படை. இவற்றோடு தொடர்பு கொள்ளும் வழியையும் சேருங்கள். மாணவிகளின் வீட்டு முகவரியோ தொலைபேசி எண்ணோ வேண்டாம். கல்லூரி முகவரியோ அதற்கெனத் திறந்த ஒரு மின்னஞ்சலோ போதும். பிறர் எதைச் செய்யலாம் என்பதையும் ஒரு வரியிற் சொல்லிவிடலாம்: ‘பெயர் குறிப்பிட்டுப் பகிரலாம், மாற்றியமைக்க அனுமதி பெறவும்.’

நூலாயின், கொட்டாஞ்சேனையிலோ வெள்ளவத்தையிலோ அச்சிடக் கொடுக்குமுன், இரண்டாம் பக்கத்தை நீங்களே ஒருமுறை சரிபாருங்கள். தேசிய நூலகம் வழங்கும் சர்வதேச நியம நூல் எண் நூலை அடையாளங்காட்டும். பதிப்புரிமையை அது தருவதில்லை. இரண்டையும் ஒன்றெனக் கொள்ள வேண்டாம். படமாயின் பெயரை ஓரத்தில் இட்டால் வெட்டிவிடுவார்கள். படத்தோடு இணைந்த இடத்தில் சிறிதாக இடுங்கள்.

பெற்றோருக்கும் ஒரு வேண்டுகோள். வீட்டில் மூத்தவர்கள் எழுதிய நூல்கள் இருக்குமாயின், அவற்றின் உரிமை இன்று யாரிடம் உள்ளது என்பதை ஒரு தாளில் எழுதி, கையொப்பமிட்டு, நூலோடு வையுங்கள். அனுமதி கேட்டு நாளை ஒருவர் வரும்போது, ‘ஆம்’ என்று சொல்ல ஒருவர் இருப்பார்.

பிறர் கவிதையைப் பகிரும் மாணவியருக்கும் இதிற் பங்குண்டு. எழுதியவரின் பெயரை நீக்காமல் அனுப்புங்கள். பெயர் தெரியாவிட்டால் தேடிப் பாருங்கள். பிறர் பொருளை அமானிதமாகப் பேணக் கற்றவர்களுக்கு இது புதிய பாடமன்று.